பட்டாணிப் பாத்தியில் நின்ற கமரால

மகள்,

உன் கல்யாணத்துக்கு இன்னும் கொஞ்ச நாள்தான் இருக்கிறது. இந்த நாட்டு வழக்கப்படி விருந்தில் பொம்பிளையின் தகப்பன் எழுந்து நின்று, எல்லோர் முன்னாலும் பேச வேண்டும். அதற்கு நீ ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டிருக்கிறாய்: கமரால கதை வேண்டாம். சரி, சொல்ல மாட்டேன். நீ சைக்கிள் ஓடப் பழகியது, அம்மாவின் சமையல், டென்மார்க்கின் மழை என்று நாலு வசனம் டேனிஷில் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவேன். ஆனால் வாயைக் கட்டலாம், மனதைக் கட்ட முடியாது. அதனால்தான் இதை எழுதுகிறேன். நீ தமிழை மெல்லத்தான் வாசிப்பாய், நடுவில் அம்மாவுக்குப் போன் எடுத்துச் சில சொல்லுக்கு அர்த்தம் கேட்பாய். கேள், அவசரமில்லை. உனக்குத் தெரிந்த விஷயங்களையும் சேர்த்தே எழுதுகிறேன். நாளைக்கு உன் பிள்ளைகள் யாராவது வாசித்தால் அவர்களுக்கும் விளங்க வேண்டும்.

உன் மாமனாராகப் போகிற பென்ட் எப்படி மனம் மாறினார் என்று என்னிடம் எத்தனையோ தரம் கேட்டுவிட்டாய். நான் "கதைச்சம்" என்று மட்டும் சொன்னேன். மாப்பிள்ளை மாட்ஸும் தன் தகப்பனிடம் கேட்டிருக்கிறான். அவரும் "கதைச்சம்" என்றுதான் சொன்னாராம். இரண்டு கிழவன்மாரும் சேர்ந்து எதையோ மறைக்கிறார்கள் என்று நீங்கள் சந்தேகப்படுவது சரிதான். மறைத்தது வெட்கத்தில். வெட்கப்பட வேண்டியவன் அவரில்லை, நான்.

முதலில் அந்தக் கதைகள் எனக்கு எங்கிருந்து வந்தன என்று சொல்லிவிடுகிறேன். நான் இங்கு வருமுன், மட்டக்களப்புப் பக்கம் எங்கள் வயல்வெளி முடிந்து காடு தொடங்குகிற இடத்தில், ஒரு சிங்களக் கிராமத்து நெல் மில்லில் மெஷின் பார்த்தேன். சனங்கள் வண்டிலில் நெல் கொண்டுவந்து இறக்கிவிட்டுத் தங்கள் முறை வரும்வரை குந்தியிருப்பார்கள். மெஷின் ஓடும்போது ஒருவர் கதைப்பது மற்றவருக்குக் கேட்காது. பெல்ட் அறுந்து மெஷின் நின்றுவிட்டால் உடனே யாராவது ஒரு கமரால கதையை எடுத்துவிடுவார். கமரால என்பது ஓர் ஆளின் பெயர் இல்லை. காணிபூமி உள்ள, ஊரில் நாலு பேர் மதிக்கிற பெரிய கமக்காரனை அவர்கள் அப்படிச் சொல்வார்கள். ஆனால் கதைக்குள் வந்துவிட்டால் அந்த மதிப்பு ஒரு சதத்துக்கு மிஞ்சாது. நரி அவனை ஏமாற்றும், களவன் ஏமாற்றுவான், பெண்சாதி அகப்பையோடு துரத்துவாள். கஞ்சன், பிடிவாதக்காரன், ஒரு நாளில் நாலு சொல் பேசினால் பெரிய காரியம். அவன்தான் கதையில் அப்பா.

இன்னொரு வகைக் கதையும் உண்டு. அதில் தாய் செத்துப்போவாள், சின்னம்மா வருவாள், முதல் தாரத்துப் பிள்ளையைக் காட்டில் கொண்டுபோய் விடச் சொல்வாள். தகப்பன் ஒரு வார்த்தை மறுத்துப் பேசாமல் பிள்ளையின் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டுபோய் விட்டுவிட்டு வருவான். கதை சொல்பவர் அவனை ஏசமாட்டார். "பாவம் அந்த மனுசன்" என்று ஒரு சொல் சொல்லிவிட்டுப் பிள்ளையின் பின்னால் போய்விடுவார். எனக்கு அது அப்போதே பிடிக்காது. அவனில் என்ன பாவம் என்று கேட்கத் தோன்றும். ஆனால் நான் அங்கே தமிழ்ப் பொடியன், மெஷின் பார்க்கிறவன், கேள்வி கேட்க வரவில்லை. ஒன்றை மட்டும் கவனித்தேன். சொன்னவர்களும் தகப்பன்மார், கேட்டுச் சிரித்தவர்களும் தகப்பன்மார். வீட்டில் பிள்ளைகளிடம் சொல்லத் தெரியாததை அங்கே தங்களைத் தாங்களே நக்கலடித்துச் சொல்லிக்கொண்டார்கள் என்று இப்போது நினைக்கிறேன்.

உனக்கு இந்தக் கதைகளையெல்லாம் காரில்தான் சொன்னேன். நாங்கள் இருக்கிற கிரின்ஸ்டெட்டில் பஸ்ஸை நம்பினால் எங்கும் போய்ச் சேர முடியாது. பாக்டரி வேலை முடிந்து வந்து உன்னை ஹேண்ட்போல் விளையாட ஏற்றிக்கொண்டு போவேன். நான் தமிழில் சொல்வேன், நீ பின்சீட்டிலிருந்து டேனிஷில், இந்த அப்பா சரியான மொக்கு என்பாய். எங்கள் ஆட்கள் சிலருக்கு இது பிடிக்கவில்லை. எங்களை அந்தப் பாடுபடுத்தியவர்களின் கதையைப் பிள்ளைக்கு ஏன் சொல்கிறாய் என்று முகத்துக்கு நேரேயே கேட்டார்கள். அந்த மில்லை விட்டு ஓடிவந்தவன்தான் நான். யாருக்குப் பயந்து ஓடினேன் என்பதும் மறக்கவில்லை. ஆனால் துரத்தியவன் வேறு, கதை சொன்னவன் வேறு. அந்த இரண்டு பேரையும் ஒரே ஆளாக்க என்னால் முடியவில்லை. முடிந்திருந்தால் ஒருவேளை நிம்மதியாக இருந்திருக்கும்.

உனக்கு மிகவும் பிடித்தது வெருளிக் கதை. ஞாபகம் இருக்கும். கமரால காட்டை வெட்டி எரித்துச் சேனைப் பயிர் போட்டிருக்கிறான். பன்றி வராமல் பார்க்க வைக்கோலால் ஒரு வெருளிப் பொம்மை கட்டி, தன் சாரத்தையும் சட்டையையும் அதற்கு உடுத்து, தலைப்பாகையும் கட்டி விடுகிறான். பெண்சாதியின் வாய்க்குப் பயந்து அவன் பக்கத்துப் பற்றைக்குள் போய்ப் படுத்துக்கொள்கிறான். அவள் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு சோறு கொண்டுவருகிறாள். சோற்றைப் பரிமாறி வெருளிக்கு முன்னால் வைத்துவிட்டு ஏசத் தொடங்குகிறாள். கூரை ஒழுகுவதற்கு ஏச்சு, மாடு தொலைந்ததற்கு ஏச்சு, தன் தங்கச்சியின் கல்யாணத்துக்குப் போகாததற்கு ஏச்சு. வெருளி பேசாமல் நிற்கிறது. அவளுக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை, ஏனென்றால் புருஷனும் என்றைக்கும் அப்படித்தான். மில்லில் இந்த இடத்தில் சிரிப்பு கூரையைத் தூக்கும். மிச்சக் கதையை யாரும் காது கொடுத்துக் கேட்டதில்லை. நானும் உனக்கு அந்த இடத்திலேயே நிறுத்திவிடுவேன். விளையாட்டு மண்டபமும் அதற்குள் வந்துவிடும்.

பிறகு நீ வளர்ந்து, கோல்டிங்கில் வேலைக்குப் போய், ஒருநாள் மாட்ஸைக் கூட்டிக்கொண்டு வந்தாய். கதவைத் திறந்த அம்மா ஒரு நிமிடம் குழம்பிப்போனாள். எங்கள் நிறம், எங்கள் கண், வாயைத் திறந்தால் இந்த யூலண்ட் பக்கத்துக் கமக்காரன் கதைக்கிற டேனிஷ். குழந்தையாக இலங்கையிலிருந்து தத்தெடுத்து வந்தவன் என்று நீ சொன்னாய். சிங்களப் பக்கத்துப் பிள்ளை என்பதற்கு மேல் அவனுக்கு ஒன்றும் தெரியாது. ஒருமுறை போய்த் தேடிப்பார்த்திருக்கிறான். வழி பாதியில் முடிந்துவிட்டது. அம்மா அவனுக்கு நண்டுக்கறி வைத்தாள். அவன் கத்தியும் முள்ளுக்கரண்டியும் கொண்டு அந்த நண்டோடு பட்ட பாட்டைப் பார்த்து எனக்குச் சிரிப்பும் வந்தது, பாவமாகவும் இருந்தது. சாப்பிட்டு முடிந்ததும் அவன் என்னிடம் கேட்டான், அங்கே அப்பாமார் எப்படி இருப்பார்கள் என்று.

மகள், அந்தக் கேள்வியில் நான் விழுந்துவிட்டேன். எனக்குத் தெரிந்த கமராலக்களையெல்லாம் அவிழ்த்துவிட்டேன். அவன் வரும்போதெல்லாம் ஒரு கதை. சிங்களத்தில் மகனைக் கூப்பிடுவது போல அவனை "புதே" என்று கூப்பிடத் தொடங்கினேன். அவனும் சிரித்துக்கொண்டு கேட்டான். ஒரு வெறும் இடம் இருக்கிறது, அதை நிரப்ப என்னிடம் சாமான் இருக்கிறது, வேறு யாரிடமும் இல்லை என்று எனக்கு ஒரு பெருமை. எங்கள் ஆட்களில் எத்தனை பேருக்கு இப்படி ஒரு மருமகன் வாய்த்து, அவனுக்குக் கொடுக்க இப்படி ஒரு சீதனம் இருக்கும்? அந்த இடம் வெறுமையாகத்தான் இருக்கிறதா என்று நான் ஒருநாளும் எட்டிப்பார்க்கவில்லை.

ஈஸ்டர் மதியம் நடந்ததை உனக்கு அம்மா சொல்லியிருப்பாள். நீயும் மாட்ஸும் கல்யாண மண்டபம் பார்க்கப் போயிருந்தீர்கள். மேசையில் நானும் அம்மாவும் பென்டும். மனைவி இறந்த பிறகு அவர் வெளியில் எங்கும் போவதில்லை. நீ வற்புறுத்தியதால் எங்கள் வீட்டுக்கு மட்டும் வருவார். அந்த நேரம் பார்த்து ஐயர் போன் எடுத்தார். எங்கள் கல்யாணத்தில் தாரைவார்க்கும்போது இரு பக்கத்துத் தகப்பன்மாரும் எதிரெதிரே இருக்க, ஐயர் மூன்று தலைமுறைப் பெயரை மந்திரத்தில் சேர்த்துச் சொல்வாரல்லவா, இன்னாரின் பூட்டப்பிள்ளை, இன்னாரின் பேரன், இன்னாரின் மகன் என்று. அந்த மூன்று பெயர்களும் மாப்பிள்ளை பக்கத்தில் என்ன என்று கேட்டார். நான் ஒரு கணம் யோசிக்கவில்லை. அதை நான் பார்த்துக்கொள்கிறேன், நல்ல சிங்களப் பெயராக மூன்று தருகிறேன் என்றேன். போனை வைத்துவிட்டுப் பென்டின் பக்கம் திரும்பி, அவருக்கும் விளங்கட்டும் என்று டேனிஷில் சந்தோஷமாகச் சொன்னேன், மாட்ஸுக்கு அன்றைக்கு ஓர் உண்மையான இலங்கைத் தகப்பனைக் கொடுக்கப் போகிறோம் என்று.

அவர் தட்டைப் பார்த்தார். "அது நியாயந்தான்" என்றார். மிச்சச் சோற்றை மெதுவாகச் சாப்பிட்டு முடித்தார். தன் தட்டைத் தானே எடுத்துக்கொண்டுபோய்க் கழுவி வைத்தார், நன்றி சொன்னார், தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்விட்டார். பாயசம் அடுப்பிலேயே இருந்தது. அம்மா என்னைத்தான் பார்த்தாள்.

"அந்த மனிசன்ட முகத்தப் பாத்தீங்களா?" என்றாள். "உசிரோட முன்னுக்கு இருக்கிற ஆளுக்கு நீங்க காரியம் செஞ்சு போட்டீங்க."

எனக்கு விளங்கவில்லை. விளங்க விருப்பமில்லை என்பதுதான் உண்மை. பிறகு வந்தது செய்தி. பதிவுத் திருமணத்துக்கு வருவேன், தமிழ்க் கல்யாணத்துக்கு நான் தேவையில்லை, அன்றைக்கு உருளைக்கிழங்குக்குத் தண்ணீர் விடவேண்டும் என்று பென்ட் மாட்ஸிடம் சொல்லிவிட்டார். மாட்ஸ் சத்தம் போடவில்லை. தன் ஃபார், அதாவது தன் அப்பா, இருக்காத மணவறையில் தானும் இருக்கமாட்டேன் என்று மட்டும் சொன்னான். கூறைச் சேலை எடுத்தாயிற்று, மண்டபம் எடுத்தாயிற்று, தூரத்து ஹ்விடோவ்ரேயிலிருந்து வரச் சொந்தக்காரர் லீவு போட்டாயிற்று. அம்மா பாத்திரம் கழுவும்போது யாருக்கும் தெரியாமல் அழுதாள். நீ போனில் என்னோடு டேனிஷில், ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிறுத்திக் கதைத்தாய். நீ அப்படிக் கதைத்தால் எனக்குத் தெரியும், கோபம் உச்சியில் நிற்கிறது. அவனுக்கு அப்பா இருக்கிறார், நீங்கள் அவருக்கு மேலே இன்னொருவரை வைத்துவிட்டீர்கள் என்றாய்.

எனக்கும் கோபம் வந்தது. நான் என்ன களவா எடுத்தேன்? நல்லதுதானே செய்யப்பார்த்தேன்? சில நாள் வீட்டில் யாரோடும் முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. அம்மா சாப்பிடக் கூப்பிட்டால் பசியில்லை என்பேன், அவள் படுத்த பிறகு போய்ப் பாண் தின்பேன். கடைசியில் ஒரு காலையில் அம்மா ஒரு பெட்டி நிறைய மீன் கட்லட் பொரித்து, அதைக் கார்ச்சாவியோடு சேர்த்து என் முன்னால் வைத்தாள். எங்கே என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

பென்டின் வீடு உனக்குத் தெரியும், ஊரை விட்டு வெளியே, காற்றுக்கு மறைப்பாக மரம் வரிசையாக நிற்கிற றோட்டில். போகிற வழியெல்லாம் டேனிஷில் பேசவேண்டியதைச் சொல்லிச் சொல்லிப் பழகினேன். தூறல். என் கண்ணில் புரை வளர்ந்திருப்பதும் உனக்குத் தெரியும். ஆப்பரேஷனுக்கு இன்னும் நாள் வரவில்லை. காரை விட்டு இறங்கினால் மூக்குக்கண்ணாடியில் தண்ணீர். வீட்டின் பக்கத்துத் தோட்டத்தில், பட்டாணிப் பாத்திக்கு நடுவில், பென்ட் நீல ஓவராலும் தொப்பியுமாக எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். வணக்கம் சொன்னேன். திரும்பவில்லை. கோபமாகத்தான் இருப்பார், நியாயம் என்று நினைத்து, வேலியடியில் நின்றபடியே தொடங்கிவிட்டேன்.

நான் பிழை விட்டுவிட்டேன் என்றேன். உங்கள் பிள்ளைக்கு நான் கதை மட்டும்தான் சொன்னேன், நீங்கள்தான் வளர்த்தீர்கள் என்றேன். நீங்கள் அன்றைக்கு எனக்கு எதிரே இல்லாவிட்டால் என் மகளை நான் யார் கையில் கொடுப்பேன் என்றேன். அவர் பேசவே இல்லை. காற்றடித்து ஒரு கை மட்டும் போ போ என்பது போல ஆடியது. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. ஒரு மனிதன் இவ்வளவு தூரம் வந்து மழையில் நின்று மன்னிப்புக் கேட்டால் திரும்பியாவது பார்க்க வேண்டாமா, இதென்ன பிடிவாதம், உங்களோடு எப்படித்தான் அந்தப் பெண் குடும்பம் நடத்தினாளோ என்று டேனிஷில் தொடங்கித் தமிழில் முடித்தேன்.

பின்னால் இருந்து ஒரு குரல் வந்தது.

"அவர் அதிகம் கதைக்கமாட்டார்."

திரும்பினால், கொட்டில் வாசலில் ஒரு வாளியோடு பென்ட். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியாது. நான் மறுபடி பாத்தியைப் பார்த்தேன். கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பார்த்தேன். வெருளி. புறாவுக்காகக் கட்டியது. பென்டின் பழைய ஓவரால், பென்டின் பழைய தொப்பி. எனக்குப் பூமி பிளந்து என்னை விழுங்கினால் நல்லது போல இருந்தது. கமராலவின் பெண்சாதி ஏசியதைச் சொல்லி உங்களையெல்லாம் சிரிக்கவைத்தவன், அவள் நின்ற அதே இடத்தில் கட்லட் பெட்டியோடு நின்றேன். பென்டின் தோள் குலுங்கியது. அவர் சிரிப்பதை நான் அன்றைக்குத்தான் முதல்முதலாகக் கண்டேன். சத்தமே வராது, தோள் மட்டும் குலுங்கும்.

உள்ளே கூட்டிக்கொண்டுபோய்க் கோப்பி ஊற்றினார். கட்லட் ஒன்றைத் தின்றுவிட்டு, அவ்வளவு மோசமில்லை என்றார். இந்தப் பக்கத்து ஆட்களிடம் அதற்கு மேல் பாராட்டு இல்லை என்பது உனக்குத் தெரியும். எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. நான் ஏன் அப்படி முழித்தேன் என்று விளக்கப்போய், அந்த வெருளிக் கதையை அவருக்குச் சொல்லவேண்டி வந்தது. பெண்சாதி ஏசுகிற இடத்தில் வழக்கம்போல நிறுத்தினேன். அவர் சிரிக்கவில்லை. கோப்பியைக் கலக்கிக்கொண்டு கேட்டார்.

"பிறகு எப்படிக் கண்டுபிடிச்சாங்க?"

என்னிடம் அதுவரை யாரும் அதைக் கேட்டதில்லை, நீ கூட. நான் மில்லில் ஒரேயொரு தரம் கேட்ட கதை முடிவை நினைவில் தேடி எடுத்துச் சொன்னேன். உனக்கும் இப்போது சொல்கிறேன். இது நான் உனக்குத் தரவேண்டிய பாக்கி. தாய் ஏசிக்கொண்டே இருக்கிறாள். பெரிய பிள்ளைகள் தலையைக் குனிந்து சாப்பிடுகிறார்கள். கடைசிப் பிள்ளை மட்டும் தன் சோற்றைத் தொடாமல் வெருளியையே பார்த்துக்கொண்டிருக்கிறது. பார்த்துப் பார்த்துவிட்டு, இது அப்பா இல்லை என்று அழத் தொடங்குகிறது. உனக்கு எப்படித் தெரியும் என்று தாய் அதட்டுகிறாள். அப்பா என்றால் இந்நேரம் தன் மீன் துண்டை என் பக்கம் தள்ளியிருப்பாரே என்கிறது பிள்ளை. அந்த அழுகையைக் கேட்டதும், ஏச்சுக்கெல்லாம் அசையாமல் படுத்திருந்த கமரால பற்றையை விலக்கிக்கொண்டு ஓடிவருகிறான். அவ்வளவுதான் கதை.

பென்ட் கோப்பிக் கோப்பையைத் தள்ளி வைத்தார். பிறகு அவர் சொன்னதை நான் ஏழெட்டு வசனமாக எழுதப்போகிறேன், அவர் அதைவிடக் குறைவாகத்தான் சொன்னார். மாட்ஸ் இங்கு வந்தபோது நடக்கத் தொடங்கிய பிள்ளை. கரண்டியைக் கண்டால் வாயை இறுக்கி மூடிக்கொள்வானாம். நாள்கணக்காக ஒன்றும் இறங்கவில்லை. நர்ஸ் வந்து பார்த்தாள், பென்டின் மனைவி அழுதாள். ஒருநாள் வயலிலிருந்து வந்த பென்ட் மேசையில் இருந்தபடி, என்ன செய்கிறேன் என்று யோசிக்காமலே, தன் தட்டில் இருந்த உருளைக்கிழங்கை வெண்ணெயோடு விரலால் பிசைந்தார். பிள்ளை அந்த விரலைப் பார்த்தது. வாயைத் திறந்தது. அந்தக் குளிர்காலம் முழுக்க அவர் கையால்தான் ஊட்டினார். ஆட்கள் முன்னால் அப்படிச் செய்யவேண்டாம் என்று மனைவி சொன்னாளாம், அதனால் விருந்தாளி வந்தால் பிள்ளையைக் கொட்டிலுக்குத் தூக்கிக்கொண்டுபோய் ஊட்டுவாராம்.

எங்கள் ஊரில் எல்லோரும் அப்படித்தான் ஊட்டுவார்கள் என்றேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். அது அவருக்குத் தெரியாது, மகள். இத்தனை வருடமாகத் தான் ஏதோ ஒழுங்கில்லாத வேலை செய்ததாக நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார். மாட்ஸிடமும் சொன்னதில்லை. நான் சொல்லட்டுமா என்று கேட்டேன். அதில் சொல்ல என்ன இருக்கிறது என்றார். வேண்டாம் என்று சொல்லவில்லை, ஆகவே சொல்கிறேன். நீ மாட்ஸுக்கு இதை வாசித்துக் காட்டு, அவன் பக்கத்தில் உட்கார்ந்து வாசித்துக் காட்டு.

நான் எழும்பும்போதுதான் அவர் கேட்டார், அந்தப் பெயர்கள் அங்கத்தையப் பெயர்களாக இருக்கவேண்டுமா என்று. இல்லை என்றேன். தன் தகப்பன் கிறிஸ்டன், தகப்பனின் தகப்பன் நீல்ஸ் என்றார். நீல்ஸ் குதிரைகளோடு மட்டும்தான் கதைப்பாராம். மணவறையில் தான் ஏதும் சொல்லவேண்டுமா என்று கேட்டார். வேண்டாம், பெயரை ஐயர் சொல்வார், நீங்கள் எதிரே இருந்தால் போதும் என்றேன். அது என்னால் முடியும் என்றார். முழங்கால் மடங்காது, ஒரு ஸ்டூல் வேண்டுமாம். ஸ்டூல் நான் வாங்கிவிட்டேன். வாசல்வரை வந்தவர் காரின் பின்பக்கத்தைத் திறந்து ஒரு சாக்கு உருளைக்கிழங்கை வைத்தார். தண்ணீர் யார் விடுவது என்று கேட்டேன். மழைதானே பெய்கிறது என்றார்.

புத்தி சொல்லாமல் ஒரு தகப்பன் கடிதத்தை முடிக்க முடியாது, கொஞ்சம் பொறுத்துக்கொள். நீ பேசாத மனிதர்கள் நடுவில் வாழப்போகிறாய். மாட்ஸ் நிறம்தான் எங்களது, குணம் அச்சாகப் பென்ட். அவன் சொல்லவில்லை என்பதால் அவனிடம் இல்லை என்று முடிவு கட்டாதே. கை என்ன செய்கிறது என்று பார். ஆனால் பேசாமல் இருப்பதெல்லாம் நல்ல குணம் என்றும் நம்பிவிடாதே. பிள்ளையைக் காட்டில் விட்டுவிட்டு வந்தவனும் பேசாதவன்தான். நீ கல்யாணம் எழுதாமல் மாட்ஸோடு கோல்டிங்கில் குடியிருக்கப் போனபோது, சொந்தக்காரர் ஒருவர் எனக்குப் போன் எடுத்து உன்னைப் பற்றி வாய்க்கு வந்ததெல்லாம் சொன்னார். நான் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை, கேட்டுக்கொண்டிருந்தேன். நீ உன் பெட்டியோடு நடையில் நின்றாய். என் மகளைப் பற்றி இப்படிக் கதைக்காதே என்று ஒரு வசனம் போதும். அந்த ஒரு வசனத்துக்காக நீ காத்திருந்தது எனக்குத் தெரியும். நான் அன்றைக்குப் பற்றைக்குள்தான் கிடந்தேன், வெளியே ஓடிவரவில்லை. அது எனக்கு இன்றைக்கும் சுடுகிறது. உன் வீட்டில் யாராவது அப்படிப் பேசாமல் கிடந்தால் விடாதே, அகப்பையை எடு.

ஐயர் இப்போது பெயர்களைப் பழகுகிறார். போனில் கிறிஸ்டனைக் கிருஷ்ணன் ஆக்கப்பார்த்தார், நான் விடவில்லை. கோத்திரத்துக்குச் சிவகோத்திரம் போடுவோம் என்றார், அதற்குச் சரி என்றேன். காலையில் பல் தீட்டும்போது நானும் சொல்லிப்பார்க்கிறேன்: நீல்ஸ் நப்த்ரே, கிறிஸ்டன் பௌத்ராய, பென்ட் புத்ராய. நல்லாகத்தான் பொருந்துகிறது. அம்மா கூட இப்போது அடுப்படியில் முணுமுணுக்கிறாள். ஐயர் அதை மூன்று தரம் சொல்வார். அப்போது நீ வெட்கப்பட்டுத் தலையைக் குனியாதே, ஸ்டூலில் இருக்கிறவரைப் பார். அவர் வெருளி போல அசையாமல் இருப்பார். தோள் குலுங்கினால் சிரிப்பு என்று நினைத்துவிடாதே.

இன்னும் ஒன்று. பின்னேர விருந்துச் சாப்பாட்டில் மீன் வைக்கச் சொல்லியிருக்கிறேன். நான் அந்த நாலு வசனத்தையும் ஒழுங்காகப் பேசிவிட்டு, கமராலவின் பெயரைக் கூட எடுக்காமல், வந்து உன் பக்கத்தில் உட்காருவேன். உன் தட்டில் கொஞ்சம் இடம் விட்டு வை.

அப்பா